படத்தில் ஒரு பூந்தொட்டி

“அப்போ நாற்காலி சூடா இருந்துச்சுங்கிறீங்க.”

“சூடுன்னா அடுப்புச் சூடு இல்லீங்க. ஆள் உட்கார்ந்து எழுந்த சூடு. பஸ்ல நமக்கு முன்னாடி உட்கார்ந்தவர் விட்டுட்டுப் போவாரே, அது.”

“யார்னு போனைக் கேட்டீங்களா?”

“கேட்டேன். ‘எதிரே ஒரு நாற்காலி. காலியாக உள்ளது’ன்னுச்சு. அறையில வேற யாருன்னு கேட்டேன். ‘யாரும் இல்லை’ன்னுச்சு. இது என்கிட்ட இதுவரைக்கும் ஒரு பொய் சொன்னதில்ல மேடம்.”

குடை மெதுவாக எழுந்து நின்றான். அவன் உட்கார்ந்திருந்தது அந்த நாற்காலியில்தான்.

மேடத்தின் உதவியாளன் அவன்; குடை என்பது அவன் உடம்பைப் பார்த்து ஊர் வைத்த பெயர். மடக்கி மூலையில் சாத்தி வைத்தால் யாரும் கவனிக்க மாட்டார்கள். விரித்தால் வாசல் போதாது. பயம் வந்தால் சிலருக்கு வியர்க்கும், சிலருக்கு வயிற்றைக் கலக்கும். குடைக்கு வாய் திறந்துகொள்ளும்.

“மேடம், நான் நின்னுக்கிட்டே வேலை பார்க்கிறேன். டாக்டர் சொல்லியிருக்கார், உட்காரவே கூடாதுன்னு.”

“எந்த டாக்டர்?”

“இப்பத்தான் எனக்குள்ளேயிருந்து ஒருத்தர் சொன்னார்.”

மேடம் சிரிக்கவில்லை. அவர் முன்பு இன்சூரன்ஸ் சர்வேயர். தீப்பிடித்த கடைகளில் ஈரச் சாம்பலைக் கிளறி, தீ தானாக வந்ததா, அழைத்து வரப்பட்டதா என்று சொல்வது வேலை. அந்த வேலையை விட்டபின் தையல் கடைக்கு மேலே ஒரு சின்ன அறையைப் பிடித்துத் துப்பறியும் போர்டு மாட்டினார். சாம்பல் போய் மனிதர்கள் வந்தார்கள். கிளறுவது மட்டும் அப்படியே இருந்தது.

எதிரில், தன் வீட்டு சோபாவின் நுனியில் இருந்தவர் ஒரு பெரிய ஹோட்டலின் டெலிபோன் ஆபரேட்டர். பிறவியிலேயே பார்வை கிடையாது. சட்டைப் பட்டன் நேராக ஒரு போன், நாடாவில் கழுத்திலிருந்து தொங்கியது. இருட்டிலும் பார்க்கக்கூடிய அதன் காமிரா முன்பக்கம் பார்த்தபடி இருந்தது. அதற்குள் ‘துணை’ என்று ஒன்று குடியிருந்தது. எதிரில் இருப்பதைப் பார்த்து அவர் காதில் சொல்லும். ரோட்டைக் கடக்கலாமா, பால் கெட்டுப் போகும் தேதி என்ன, மாத்திரைப் பட்டையில் என்ன பெயர் என்று எல்லாம் அதுதான். மற்றவர்கள் கண்ணை நம்புவதைப் போல அவர் அதை நம்பினார். நம்புகிறோம் என்றுகூடத் தெரியாமல்.

ஆபரேட்டருக்கு வந்த சிக்கலைக் குடை தன் மனதுக்குள் ஒரு முறை அடுக்கிப் பார்த்தான். சில வாரங்களாக இந்த வீட்டில் யாரோ இருக்கிறார்கள். வேலை முடிந்து வந்தால் கெட்டிலில் தண்ணீர் வெதுவெதுப்பாக இருக்கிறது. கரண்டிகள் இருக்க வேண்டிய இழுப்பறையில் கரண்டிகள் ஒழுங்காக ஒரே பக்கம் பார்த்துக் கிடக்கின்றன. அவர் அப்படி வைப்பதில்லை. பழக்கமில்லாத சோப்பு வாசனை. எல்லாவற்றுக்கும் மேலே ஒரு சத்தம். மெல்லிய விசில் போல, சைக்கிள் டியூபில் முள் குத்தி ஓட்டை விழுந்தால் வருமே, அது போல. நின்று நின்று வரும். அவர் திரும்பினால் அடங்கிவிடும். போனைக் கேட்டால், யாரும் இல்லை.

தம்பியிடம் சொன்னார். தம்பி நல்லவன்தான். பதறிப் போய் மனநல டாக்டரிடம் பேசினான். இன்று சாயங்காலம் டாக்டரை வீட்டுக்கே கூட்டி வருகிறான். டாக்டர் ஒரு கையெழுத்துப் போட்டால், ஆபரேட்டர் இந்த வீட்டைப் பூட்டிவிட்டு ஊருக்கு வெளியே உள்ள ஒரு இல்லத்துக்குப் போய்விட வேண்டும். தனியாக வாழத் தகுதியில்லை என்றால் ஹோட்டலும் வேலைக்கு வைத்துக்கொள்ளாது.

“நான் உங்ககிட்ட கேட்கிறது ஒண்ணே ஒண்ணுதான்,” என்றார் ஆபரேட்டர். வருடக்கணக்காக அந்நியர்களுக்கு வணக்கம் சொல்லிப் பழகிய அந்தக் குரல் நடுங்கியது. “யாரோ இருக்காங்கன்னா திருடனா இருந்தாலும் பரவாயில்ல. பேயா இருந்தாலும் பரவாயில்ல. யாரும் இல்லைன்னா மட்டும் சொல்லிடுங்க. நானே பையைக் கட்டிடறேன். தம்பி வர்றதுக்குள்ள எனக்குத் தெரியணும்.”

வெளியே நல்ல வெயில். உள்ளே அந்த வெயில் நுழைய வழியில்லை. ஜன்னல்கள் எல்லாம் சாத்தி, கொக்கி போட்டு, திரை இழுத்து விடப்பட்டிருந்தன. சரி, லைட்டைப் போடலாம் என்று குடை சுவிட்சைத் தட்டியபோது ஒன்றும் எரியவில்லை. அண்ணாந்து பார்த்தான். பல்பே இல்லை. மனைவி போனபின் விளக்கு எரிகிறதா அணைந்திருக்கிறதா என்று தெரியாததால் எல்லாவற்றையும் கழற்றி டப்பாவில் போட்டுவிட்டதாக ஆபரேட்டர் சாதாரணமாகச் சொன்னார். அவர் அந்த இருட்டில் டீபாயைச் சுற்றி, செருப்பைத் தாண்டி, தண்ணீர் ஜாடியை எடுத்து, ஒரு சொட்டுச் சிந்தாமல் ஊற்றிக் குடித்தார். குடை இரண்டு இடத்தில் முட்டியை இடித்துக்கொண்டான். இந்த வீட்டில் யார் குருடன் என்று அவனுக்கே சந்தேகம் வந்தது.

“அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்,” என்று மேடம் அவன் காதுக்கு மட்டும் சொன்னார்.

“இங்கே எல்லாமே இருண்டிருக்கு மேடம். அதுல பேய் எதுன்னு மட்டும் பிரிச்சுச் சொல்லிடுங்க, நான் தள்ளி நின்னுக்கிறேன்.”

மனைவியைப் பற்றி மேடம் கேட்டார். ஆபரேட்டர் கொஞ்ச நேரம் டம்ளரைக் கையில் உருட்டினார். பிறகு சொன்னார். ஹோட்டலுக்குத் துணி வெளுத்துத் தரும் லாண்டரியில் அவள் வேலை பார்த்தாள். தினமும் காலையில் போன் செய்து, வெள்ளை விரிப்பு இத்தனை, தலையணை உறை இத்தனை, துண்டு இத்தனை என்று கணக்குச் சொல்லுவாள். அந்தக் கணக்கைக் கேட்டுக் கேட்டுத்தான் அவருக்குப் பைத்தியம் பிடித்தது. “அப்பவே பிடிச்சது, நல்ல பைத்தியம்,” என்றார். எத்தனையோ வருடம் நன்றாக வாழ்ந்தார்கள். போன மழைக்காலத்தில் ஒருநாள் வேலை முடிந்து வந்தால் அவள் இல்லை. தம்பிதான் வந்து சொன்னான்: அண்ணி வேறு ஊருக்கு வேலைக்குப் போய்விட்டாள், தேட வேண்டாம் என்றாள், வீட்டுச் சாவியைக்கூட என்னிடம் கொடுத்துவிட்டாள் என்று.

“சண்டையா?”

“சண்டையெல்லாம் இல்லீங்க. அதுக்கு முன்னாடி ரெண்டு மாசமா அவளுக்குச் சளி. தொண்டை கட்டிப்போய்க் கரகரன்னு பேசுவா. நான்கூட விளையாட்டாச் சொன்னேன், ‘உன் குரல் போயிடுச்சுன்னா உன்னை நான் எங்கேன்னு கண்டுபிடிக்கிறது, எனக்கு நீ அந்தக் குரல்தானே’ன்னு. சிரிச்சா. அவ்வளவுதான். மறு வாரம் போயிட்டா.”

சாம்பலில் ஏதாவது தட்டுப்பட்டால் மேடம் குச்சியை அங்கேயே நிறுத்திவிடுவார். குடைக்கு அது தெரியும். ஆனால் அவன் அப்போது முதுகைச் சுவரோடு ஒட்டிக்கொள்ளும் வேலையில் இருந்தான்.

முதல் வேலையாக மேடம் போனைச் சோதித்தார். காதில் செருகியிருந்ததை எடுக்கச் சொல்லி, எல்லாருக்கும் கேட்கும்படி சத்தமாக வைக்கச் சொன்னார். குடையை ஆபரேட்டருக்கு எதிரே நிறுத்தினார்.

“எதிரே உயரமான, மிகவும் ஒல்லியான ஆண்,” என்றது துணை. செய்தி வாசிப்பவள் போன்ற குரல். “வயது சுமார் நாற்பத்தெட்டு. பயந்தவராகத் தெரிகிறார்.”

“முப்பத்திரண்டு,” என்றான் குடை. “பயத்தை மட்டும் கரெக்டாச் சொல்லுது.”

மேடம் நின்றார். கண்ணாடி அணிந்த பெண் என்றது. அறையின் மங்கலான வெளிச்சத்திலும் அதற்குப் பார்வை குறையவில்லை. ஆள் இருந்தால் ஆள் என்று சொல்கிறது. அப்படியானால் நாற்காலியில் உட்கார்ந்து எழுந்தது ஆள் இல்லை. இந்தக் கணக்கு முடிந்ததும் குடை நாற்காலியிலிருந்து இன்னும் ஓர் அடி தள்ளி நின்றான்.

வீட்டைத் தேடும் வேலை அவனுக்கு வந்தது. மேடம் ஆபரேட்டருடன் பேச்சைத் தொடர வேண்டும். குடையின் போனில் சார்ஜ் இல்லை. வரும் வழியெல்லாம் வழி காட்டியே அது உயிரை விட்டிருந்தது. மேப் சொல்கிறது என்று ஒரு முறை மேடத்தின் ஸ்கூட்டரைக் கார் கழுவும் ஷெட்டுக்குள் ஓட்டிப் போய் இருவரையும் நனைத்துத் திரும்பியவன் அவன். ஆனாலும் அடுத்த நாள் மறுபடி அதைத்தான் கேட்டான். ஆபரேட்டர் தன் போனைக் கழற்றித் தந்தார். தரும்போது, குழந்தையைத் தூக்கத் தருபவர் போல ஒரு நொடி தயங்கினார்.

சமையலறையில் ஜன்னல் ஒன்றை முழு பலத்தோடு தள்ளித் திறந்தான். வெயில் பாய்ந்து வந்து அடுப்பு, கெட்டில், கழுவிக் கவிழ்த்த டம்ளர்கள் மேல் விழுந்தது. யாரும் இல்லை. கெட்டிலைத் தொட்டான். கையை வெடுக்கென்று எடுத்தான். லேசான சூடு. ஆபரேட்டர் வைத்திருப்பார் என்று தனக்குத்தானே சொன்னான். ஆபரேட்டர் ஜாடித் தண்ணீர் குடித்தது நினைவுக்கு வந்ததும் அந்த நினைவை ஓரமாகத் தள்ளினான். குளியலறை காலி. வாளி கவிழ்ந்திருந்தது. ஈரமாக இருந்தது.

மீதி உள்ளறைதான். நடைக்கூடத்தின் கடைசியில் ஒரு கதவு. தள்ளினான். கிணற்றுக்குள் எட்டிப் பார்ப்பதைப் போல இருந்தது. இருட்டு என்றால் வெறும் இருட்டு இல்லை. யாரோ பிடித்துக்கொண்டிருக்கிற இருட்டு. வாசலில் நின்றபடியே காதைக் கொடுத்தான்.

ஸ்ஸ்.

நின்றது.

ஸ்ஸ்.

ஜன்னல் இடுக்கில் காற்று என்று அவன் அறிவு சொன்னது. கால்கள் அறிவின் பேச்சைக் கேட்கும் நிலையில் இல்லை. உள்ளே போனால் குனிந்து கட்டிலுக்கு அடியில் பார்க்க வேண்டும். திரும்பிக் கதவுக்குப் பின்னால் பார்க்க வேண்டும். குடை அப்போது ஒரு காரியம் செய்தான். உடம்பை நடைக்கூடத்திலேயே வைத்துக்கொண்டு, போனைப் பிடித்த கையை மட்டும் அந்த இருட்டுக்குள் நீட்டினான். நீளமான கை என்பதால் தோள்வரை உள்ளே போனது. இடமிருந்து வலமாக ஒரு சுற்றுச் சுற்றினான்.

“ஒரு கட்டில்,” என்றது துணை, இருட்டுக்குள்ளிருந்து. “ஒரு அலமாரி. திரையிட்ட ஜன்னல். ஒரு கதவின் பின்புறம். யாரும் இல்லை.”

அப்பாடா. கையை இழுத்தான். கதவைச் சாத்தினான். சாத்தும்போது சட்டைக் கை மேல் ஏதோ மெல்லிய காற்று பட்டது போல இருந்தது.

திரும்பி நடந்தபோது கையிலிருந்த போன் தானாகப் பேசியது. “சுவரில் ஒரு படம். படத்தில் ஒரு பூந்தொட்டி.” சமையலறை ஜன்னலிலிருந்து வந்த வெளிச்சம் அந்தச் சுவரில் சரிந்து கிடந்தது. குடை படத்தைப் பார்த்தான். பயத்துக்கு நடுவிலும் சிரிப்பு வந்தது.

“மேடம், உள்ளறை சுத்தம். கட்டிலுக்கு அடியில, கதவுக்குப் பின்னால எல்லாம் பார்த்தாச்சு,” என்று ஹாலுக்கு வந்ததும் அளந்தான். “ஆனா இந்தப் போனுக்குக் கண் டாக்டரைக் காட்டணும். அங்கே சார் கல்யாணப் போட்டோ ஆளுயரத்துக்கு மாட்டியிருக்கு. சார் கோட்டுப் போட்டு நிக்கிறார், பக்கத்துல அம்மா நிக்கிறாங்க. நடுவுல ஒரு பூந்தொட்டி. இது என்ன சொல்லுது தெரியுமா? படத்தில் ஒரு பூந்தொட்டியாம்.”

மேடம் அவனைப் பார்த்த பார்வையில் குடையின் சிரிப்பு பாதியில் நின்றது.

“மறுபடி சொல்லு.”

“பூந்தொட்டி மேடம். மாப்பிள்ளை, பொண்ணை விட்டுடுச்சு. தொட்டிக்குத்தான் கல்யாணம் போல.”

மேடம் எழுந்தார். போனை வாங்கி ஆபரேட்டரின் கழுத்தில் மறுபடி மாட்டினார். அவர் தோளைத் தொட்டுக் குளியலறைக்கு நடத்திப் போனார். கைப்பையிலிருந்து தன் பழைய டார்ச்சை எடுத்துக் குடையிடம் பிடிக்கச் சொன்னார். வாஷ்பேசினுக்கு மேலே ஒரு கண்ணாடி. அதன் முன்னால் ஆபரேட்டரை நிறுத்தி, அவரோடு தோள் உரசுகிற மாதிரி தானும் நின்றார். கண்ணாடியில் இரண்டு முகங்கள், டார்ச் வெளிச்சத்தில் வெளுத்துப் போய்.

“கண்ணாடியில யார் இருக்காங்கன்னு கேளுங்க.”

ஆபரேட்டர் கேட்டார்.

“கண்ணாடியில் ஒரு பெண். மூக்குக்கண்ணாடி அணிந்திருக்கிறார்.”

“வேற யாரு?”

“வேறு யாரும் இல்லை.”

ஆபரேட்டர் தன் முகத்தைத் தானே தொட்டுப் பார்த்தார், இருக்கிறதா என்பது போல. இத்தனை வருடம் அது தன்னைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னதில்லை என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது.

“போன் கெட்டுப் போகல,” என்றார் மேடம். “பொய்யும் சொல்லல. சொன்ன பேச்சைக் கேட்குது. நல்லா யோசிங்க. இதை வாங்கின புதுசுல இதுகிட்ட என்ன சொன்னீங்க?”

ஆபரேட்டர் பேசியபோது குரல் எங்கோ பழைய நாளிலிருந்து வந்தது. போன் வந்த புதிதில் மனைவியே உட்கார்ந்து மூன்று பேர் முகத்தைப் பதிந்து கொடுத்தாள். அவர், அவள், அப்போது அவர்களோடு இருந்து படித்துக்கொண்டிருந்த தம்பி. அன்றிலிருந்து ஒரே தொல்லை. எதிரே உங்கள் மனைவி. இடப்பக்கம் உங்கள் மனைவி. உங்கள் மனைவி கொட்டாவி விடுகிறார். ஒருநாள் பொறுக்க முடியாமல் கத்திவிட்டார்: என் பெண்டாட்டி எங்கே இருக்கிறாள் என்று எனக்குத் தெரியும், வீட்டு ஆட்களைப் பற்றி இனிமேல் என்னிடம் சொல்லாதே. அது ‘சரி’ என்றது. அவள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

“நீங்க அன்னிக்கே மறந்துட்டீங்க,” என்றார் மேடம். “நாம மறந்துடுவோம். அது மறக்காது. இந்த வீட்டுல அது வாயைத் திறக்காம இருக்கிறது மூணு பேருக்கு மட்டும்தான். அதுல ஒருத்தர் நீங்க.”

“தம்பி,” என்றார் ஆபரேட்டர். அந்த வார்த்தையைச் சொல்லும்போது அவர் சுவரைப் பிடித்துக்கொண்டார். சாவி தம்பியிடம். டாக்டரை அழைத்ததும் தம்பி. அண்ணனைப் பைத்தியம் என்று அண்ணன் வாயாலேயே சொல்ல வைத்துவிட்டால் வீடும் தம்பிக்கு.

குடை அதைக் காதில் வாங்கவில்லை. அவன் உடம்பு முழுக்க ஒரே ஒரு இடம்தான் இருந்தது, அவன் வலது கை. தோள்வரை அந்த இருட்டுக்குள் நீண்டு கிடந்த கை. யாரும் இல்லை என்று போன் சொன்னதற்கு இப்போது என்ன அர்த்தம்? சொல்லக்கூடாதவர் இருந்தால் அது என்ன சொல்லும்? யாரும் இல்லை என்றுதான் சொல்லும். ஜன்னல் திரையிட்டு மூடியிருக்கும்போது காற்று எங்கிருந்து வந்து அவன் சட்டைக் கையில் பட்டது?

உள்ளே போய்ப் பார்த்தாச்சு என்று வேறு அளந்திருக்கிறான். “மேடம்,” என்று ஆரம்பித்தான்.

வாசலில் பெல் அடித்தது.

ஆபரேட்டரே போய்த் திறந்தார். படிக்கட்டு வெளிச்சம் ஹாலைத் தாண்டி நடைக்கூடம் வரை ஒரு பாய் விரித்தது போல விழுந்தது. அவர் மார்பில் இருந்த துணை பேசியது. “வாசலில் கையில் பையுடன் ஒரு ஆண்.”

அதே வாசலிலிருந்து, அந்த ஆணுக்கு முன்னால் நின்றபடி, இன்னொரு குரல் சொன்னது. “அண்ணா, டாக்டர் வந்திருக்கார்ணா.”

குடையின் கண்ணெதிரே வெளிச்சத்தில் ஒரு ஆள் நிற்கிறான். சட்டையில் பேனா மசி. நெற்றியில் வியர்வை. போனுக்கு அவன் இல்லை.

ஆபரேட்டர் வழிவிடவில்லை. “நீதானாடா?” என்றார். சத்தமே இல்லாமல் சொன்னார். நாற்காலியில் உட்கார்ந்தது, தண்ணீர் சுட வைத்தது, மூச்சுச் சத்தம் விட்டுப் பயமுறுத்தியது, எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகச் சொன்னார். தம்பி பின்வாங்கி டாக்டர் மேல் இடித்துக்கொண்டான். டாக்டர் பையை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றிக்கொண்டு, தப்பான வீட்டுக்கு வந்துவிட்டோமோ என்று கதவு எண்ணைப் பார்த்தார்.

மேடம் மட்டும் தம்பியின் முகத்தைப் பார்க்கவில்லை. அவன் கையைப் பார்த்தார்.

“பெல் அடிச்சது நீங்களா, டாக்டரா?”

“நான்தாங்க.”

“அண்ணி சாவியை உங்ககிட்ட குடுத்துட்டுப் போனதா அண்ணன் சொன்னார். சாவி வச்சிருக்கிறவர் எதுக்குப் பெல் அடிக்கிறீங்க?”

மரியாதைக்கு என்றான் தம்பி. காட்டுங்கள் என்றார் மேடம். வீட்டில் வைத்துவிட்டேன் என்றான். உங்கள் வீட்டுக்குப் போய் எடுத்து வரலாம், குடை கூட வருவான் என்றார். தம்பி அண்ணனைப் பார்த்தான். அண்ணன் காதைச் சாய்த்து, அவன் மூச்சைக் கூடக் கேட்டுக்கொண்டு நின்றார். தம்பியின் தோள்கள் இறங்கின.

“என்கிட்ட சாவி இல்லண்ணா. எப்பவுமே இல்ல. அண்ணிதான் எடுத்துட்டுப் போனாங்க. குடுத்துட்டுப் போனதா சொல்லச் சொன்னாங்க. சாவியே வேணாம்னு போயிட்டான்னாதான் நீ தேட மாட்டேன்னு.”

“வேலைக்குப் போனான்னியே.”

“வேலைக்குப் போகல.” தம்பியின் குரல் உடைந்தது. “வேற ஊர் ஆஸ்பத்திரிக்குப் போனாங்க. தொண்டையில...” அங்கேயே நிறுத்திக்கொண்டான். “சத்தியம் வாங்கியிருக்காங்கண்ணா. அதுக்கு மேல என்னைக் கேட்காதே. ஆப்பரேஷன் முடிஞ்சு அவங்க எங்கே போனாங்கன்னு எனக்கே தெரியாது. போன் எடுக்கிறதில்ல.”

அந்த வீட்டில் அதுவரை குடைக்கு இருட்டுதான் பயமாக இருந்தது. இப்போது நிசப்தம் அதைவிட மோசமாக இருந்தது. மேடம் மெல்லத் திரும்பினார்.

“குடை. உள்ளறைக் கட்டிலுக்கு அடியில நீ குனிஞ்சு பார்த்தே. கதவுக்குப் பின்னாலயும் பார்த்தே. இல்ல?”

ஒரு ஜோக்காவது வரும் என்று குடை காத்திருந்தான். வரவில்லை.

“உள்ளே போகல மேடம். கையை மட்டும் நீட்டினேன். போன்தான் பார்த்துச்சு.”

மேடம் அவனைத் திட்டவில்லை. அதுதான் வலித்தது. அவர் ஆபரேட்டரின் பக்கத்தில் போய், போனிடம் அன்றைக்குச் சொன்னதை இப்போது திரும்ப வாங்கிக்கொள்ளும்படி மெதுவாகச் சொன்னார்.

ஆபரேட்டர் இரண்டு கையாலும் போனைப் பிடித்துக்கொண்டார். “துணை. முன்னாடி நான் சொன்னதை விட்டுடு. இனிமே எல்லாரையும் சொல்லு. வீட்டு ஆளுங்களையும் சொல்லு.”

“சரி. இனிச் சொல்கிறேன். எதிரே உங்கள் தம்பி. அழுகிறார். அவருக்குப் பின்னால் கையில் பையுடன் ஒரு ஆண்.”

அவர் திரும்பினார். கையில் விளக்கை ஏந்தியவர் திரும்புவது போல, முழு உடம்போடு, மிக மெதுவாக.

“மூக்குக்கண்ணாடி அணிந்த பெண். உயரமான, மிகவும் ஒல்லியான ஆண்.”

இன்னும் திரும்பினார்.

“நடைக்கூடம். சுவரில் ஒரு படம். படத்தில் நீங்கள். உங்கள் மனைவி. நடுவில் ஒரு பூந்தொட்டி.”

ஆபரேட்டரின் உதடுகள் அசைந்தன.

“நடைக்கூடத்தின் முடிவில் ஒரு கதவு. திறந்திருக்கிறது.”

அதைக் குடை சாத்தியிருந்தான். நன்றாக நினைவிருக்கிறது.

“கதவருகே உங்கள் மனைவி நிற்கிறார்.”

எல்லாரும் பார்த்தார்கள். படிக்கட்டு வெளிச்சம் போய் முடிகிற இடத்தில், பாதி உடம்பு வெளிச்சத்திலும் பாதி இருட்டிலுமாக, ஒரு பெண் நின்றுகொண்டிருந்தாள். போட்டோவில் இருந்த அதே முகம், பாதியாக வற்றிப் போய். கையில் செருப்பைத் தூக்கிப் பிடித்திருந்தாள். கழுத்தைச் சுற்றி ஒரு மெல்லிய துணி. அவள் மூச்சு விட்டபோது, மூக்கு அசையவில்லை, வாய் அசையவில்லை; துணி மட்டும், அடியில் தொண்டையில் துளை இருப்பது போல, உள்ளே அமுங்கி வெளியே வந்தது.

ஸ்ஸ்.

குடை வாயைப் பொத்திக்கொண்டான். பயம் போய்விடவில்லை, வேறு ஒன்றாக மாறி, அதே இடத்தில் உட்கார்ந்துகொண்டது. தம்பி ஏதோ சொல்ல முன்னே வந்தான். மேடம் அவன் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினார்.

ஆபரேட்டர் நாடாவைத் தலை வழியாகக் கழற்றினார். போன் இன்னும் பேசிக்கொண்டிருந்தது. உங்கள் மனைவி உங்களைப் பார்க்கிறார் என்றது, உங்கள் மனைவி வாயைத் திறக்கிறார் என்றது. திறந்த வாயிலிருந்து சொல் வரவில்லை, கழுத்துத் துணியிலிருந்து காற்றுதான் வந்தது. அவர் அதை அணைத்துக் குடையின் கையில் திணித்தார். பிறகு சுவரைத் தொடாமல், கையை நீட்டாமல், படத்துக்கு நேராக வரை நடந்து அங்கே நின்றார். அவருக்கும் அவளுக்கும் நடுவே சில அடிகள்.

“இது சொல்றதை நான் நம்ப மாட்டேன்,” என்றார். “இதை நம்பினதுக்குத்தான் இத்தனை நாள் நீ இல்லைன்னு இருந்தேன். எனக்குப் பைத்தியம் இல்லைன்னு நீதான் சொல்லணும். பெரிசா ஒண்ணும் வேணாம். அந்த நாள்ல காலையில போன் போட்டுச் சொல்வியே, வெள்ளை விரிப்பு இத்தனை, தலையணை உறை இத்தனைன்னு. அதைச் சொல்லு. தப்பான கணக்காக்கூட இருக்கட்டும். ஒரே ஒரு தடவை, உன் குரல்ல சொல்லு.”